லாகோஸில் எழுதிய சிறார் நாவலும் அதை மீட்க நான் பட்ட பாடும்

நைஜீரியாவின் பண்பாட்டை அடித்தளமாகக் கொண்டு, அபூர்வ ஆற்றல் பெற்ற ஒரு சிறுமியைப் பற்றிய சாகச நாவல் ஒன்றை லாகோஸில் இருந்தபடியே ஆங்கிலத்தில் எழுதினேன். 9 முதல் 13 வயது வரையிலான பிள்ளைகளுக்கானது அது. எழுதி முடித்தது 2022 இறுதியில். புத்தகமாகக் கையில் வாங்கியது 2024 நடுவில். இடையில் போன பணம் ஒருபுறமிருக்க, நான் உருவாக்கிய அந்தச் சிறுமியே சட்டப்படி எனக்குச் சொந்தமில்லை என்ற நிலைக்கும் வந்து, அவளைப் பணம் கொடுத்து மீட்க வேண்டியதாயிற்று. அந்த நாள்களில் இதையெல்லாம் விவரம் தெரிந்த ஒருவரிடம் கேட்டுக்கொள்ள எனக்கு யாருமில்லை. வெளிநாடுகளில் வாழ்ந்துகொண்டு, தாம் வாழும் மண்ணின் கதைகளைப் பிள்ளைகளுக்காக எழுத முனையும் நம்மவர்களுக்கு இது பயன்படும் என்பதால், பணக் கணக்கையும் மறைக்காமல் எழுதுகிறேன்.

கணவரின் தொழிற்சாலை வேலையை ஒட்டி நாங்கள் குடியேறிய இலுபெஜு, இந்தியக் குடும்பங்கள் நிறைய வாழும் பகுதி. என் மகள் அங்கேதான் வளர்ந்தாள். அவளுடைய நெருங்கிய தோழிகள் எதிர்வீட்டு யோருபா இனத்து இரட்டையர். யோருபா மக்களிடையே இரட்டைக் குழந்தைகள் மிக அதிகம். உலகிலேயே இரட்டைப் பிறப்பு மிகுந்த பகுதிகளில் தென்மேற்கு நைஜீரியாவும் ஒன்று. முதலில் பிறப்பது தாயிவோ, இரண்டாவதாகப் பிறப்பது கெஹின்டே. ஆனால் இரண்டாவதாகப் பிறந்த கெஹின்டேதான் மூத்தவள் என்பது அவர்கள் நம்பிக்கை. உலகம் வாழத் தகுந்ததா என்று பார்த்துவரத் தாயிவோவை முன்னே அனுப்பிவிட்டு, அவள் அழுகுரல் கேட்ட பிறகே கெஹின்டே வருகிறாளாம். எதிர்வீட்டுக் கெஹின்டே இந்த உரிமையை வைத்துத் தன் உடன்பிறந்தவளை நாள்தோறும் அதிகாரம் செய்வதைப் பார்த்துப் பார்த்துத்தான் என் நாவல் பிறந்தது. பேச்சின் ஏற்ற இறக்கத்தை அப்படியே ஒலிக்கும் யோருபாவின் பேசும் மேளத்தின் மொழியை இயந்திரங்களிலும் காற்றிலும் கேட்கவும், அதே ஒலியால் அவற்றை இயக்கவும் வல்ல ஒரு சிறுமி; ஆனால் அவள் ஆற்றல் இரட்டையான தங்கை அருகில் இருந்தால் மட்டுமே முழுமை பெறும். லாகோஸில் மின்சாரம் போய்விட்டு மீண்டும் வரும்போது தெரு முழுவதும் பிள்ளைகள் ஒரே குரலாகக் கூவுவார்களே, அந்தக் கூச்சலில்தான் முதல் அத்தியாயம் தொடங்குகிறது.

நாவலுக்காகப் பரம்பரை மேளக்காரர் ஒருவரைத் தேடிச் சென்றேன். ஆயான் என்ற முன்னொட்டோடு பெயர் வைத்துக்கொள்ளும் குடும்பங்கள் யோருபா நாட்டில் மேளத்துக்கே உரியவை. எல்லோரும் அழைப்பதுபோல நானும் அவரைப் பாபா என்றே அழைத்தேன். இயா இலு எனப்படும் தாய் மேளத்தை அவர் தோள்வாரில் தொங்கவிட்டுக்கொண்டார். நம் உடுக்கையைப் போலவே இடை சிறுத்த மேளம், ஆனால் அளவில் பெரியது. இரு முகங்களையும் இணைத்து நெடுக ஓடும் தோல்வார்களை இடது கையால் இறுக்கியும் தளர்த்தியும், வலது கையில் பிடித்த வளைந்த கழியால் தட்டினார். விளிம்பைச் சுற்றிய சிறு பித்தளை மணிகள் ஒவ்வொரு தட்டுக்கும் சிலிர்த்தன. யோருபாவின் ஒலியேற்றம் தாழ்வு, நடு, உயர்வு என மூன்று நிலைகளில் அமைவதால், அந்த ஏற்ற இறக்கத்தை மேளம் அப்படியே வாங்கிச் சொற்களைப் பேசிவிடுகிறது. என் கதாநாயகியின் பெயரை அவர் வாசித்தபோது, அறையில் இருந்த அவருடைய பேரன் அழைத்தவுடன் திரும்புவதுபோலத் திரும்பிப் பார்த்தான். அவனுக்கு அந்தப் பெயரில் ஓர் அக்கா இருந்தாள்.

அன்று பாபா சொன்ன ஓர் அறிவுரையை இந்த வகை நூல் எழுதும் எவருக்கும் முதலில் சொல்வேன். "மேடம், ஷாங்கோவைச் சண்டைக்காரராக உங்கள் கதைக்குள் கொண்டுவராதீர்கள். அவரை இன்றும் வணங்குகிறோம்" என்றார். இடிக்கும் மின்னலுக்கும் உரிய ஷாங்கோ, இரட்டைக் கோடரியோடும் சிவப்பு வெள்ளை நிறங்களோடும் வழிபடப்படுபவர். ஓயோ நாட்டின் அரசராக இருந்து தெய்வமானவர் என்பது மரபு. ஓஷுன் தேவிக்குரிய ஓஷோக்போ புனிதத் தோப்பு 2005ஆம் ஆண்டு யுனெஸ்கோவின் உலக மரபுச் சின்னங்களில் சேர்ந்தது. ஆண்டுதோறும் ஆகஸ்டு மாதத்தில் அங்கே திருவிழா நடக்கிறது. கடல் கடந்து பிரேசிலிலும் கியூபாவிலும் இத்தெய்வங்களுக்கு அடியார்கள் உண்டு. ஆகவே தெய்வங்களை வானத்தில் விட்டுவிட்டு, மனிதர் கையால் செய்த மேளத்திலும், நீலச்சாயத்தில் தோய்த்தெடுக்கும் ஆதிரே துணியிலும், இரட்டையர் பற்றிய நம்பிக்கையிலும் என் நாயகியின் ஆற்றலை வைத்தேன். கதைக்கு இது கட்டுப்பாடாகத் தோன்றலாம். உண்மையில் இதுதான் கதைக்கு வலுச் சேர்த்தது. தெய்வம் தரும் ஆற்றலுக்கு எல்லை வகுக்க முடியாது. மேளத்துக்கோ தோல் நனைந்தால் குரல் போய்விடும். மழைக்கால லாகோஸில் நடக்கும் சாகசக் கதைக்கு இதைவிட நல்ல இக்கட்டு வேறென்ன வேண்டும்?

கையெழுத்துப் படியை அடுக்குமாடிப் பிள்ளைகளிடம் படிக்கக் கொடுத்ததும் பெரிய பயன் தந்தது. டான்ஃபோ எனப்படும் மஞ்சள் நிறச் சிற்றுந்தின் நடத்துநர், ஓஷோடி என்ற ஊர்ப்பகுதியின் பெயரை எந்த வேகத்தில், எத்தனை முறை கூவுவார் என்று அவர்கள் நடித்துக் காட்டினார்கள். ஒரு சிறுமி, "ஆன்ட்டி, இவள் இரவில் தலையில் சாட்டின் தொப்பி போட்டுக்கொள்ளவில்லையே, பின்னல் கலைந்துவிடாதா?" என்று கேட்டாள். சனிக்கிழமை பல மணி நேரம் உட்கார்ந்து பின்னிக்கொண்ட தலையை ஒரு பெண் எப்படிப் பாதுகாப்பாள் என்பது அந்தப் பிள்ளைகளின் வாழ்க்கையில் உள்ள செய்தி. பெரியவர்களுக்குக் கண்ணில் படாது. படித்துச் சொன்ன ஒவ்வொருவரின் பெயரையும், பெற்றோரிடம் இசைவு கேட்டு, நூலின் நன்றிப் பக்கத்தில் சேர்த்தேன்.

அதன் பிறகுதான் துன்பம் தொடங்கியது. பணம் பெற்றுக்கொண்டு நூல் வெளியிட்டுத் தரும் வெளிநாட்டு நிறுவனம் ஒன்று, பிழை திருத்தம், அட்டைப்படம், பக்க வடிவமைப்பு, உலகளாவிய இணைய விற்பனை எல்லாம் சேர்த்து 2,400 டாலருக்கு ஒரு பேக்கேஜ் என்றது. பாதியை முன்பணமாகக் கட்ட வேண்டும். அது 2023ஆம் ஆண்டின் தொடக்கம். நைஜீரியாவில் பழைய 200, 500, 1,000 நைரா நோட்டுகளை மாற்றும் அறிவிப்பால் கையில் ரொக்கமே கிடைக்காமல், வங்கி வாசலில் மக்கள் விடியற்காலையிலிருந்து வரிசையில் நின்ற மாதங்கள் அவை. வங்கியில் அதிகாரபூர்வ விலைக்கு டாலர் கிடைப்பது அரிது. வெளிச்சந்தையில் ஒரு டாலர் ஏறத்தாழ 750 நைரா. 1,200 டாலருக்கு 9 லட்சம் நைரா கொடுத்தோம். பிள்ளையின் பள்ளிக் கட்டணத்துக்கென ஒதுக்கியிருந்த தொகையின் ஒரு பகுதியும் அதில் சேர்ந்தது. கணவர் ஒரு சொல்லும் சொல்லவில்லை. அதனாலேயே எனக்குப் பாரம் கூடியது.

சில மாதங்கள் கழித்து அட்டைப்படம் வந்தது. வெளிர் பழுப்பு நிறத்தில் ஒரு பெண், தோளுக்குக் கீழே நேராக விழும் கூந்தல், பின்னால் பறக்கும் அங்கி. கையில் இருந்தது ஜெம்பே. அது மாலி, கினி பகுதிகளுக்குரிய ஒற்றை முக மேளம். என் நூலிலுள்ள இரு முக மேளத்துக்கும் அதற்கும் தொடர்பே இல்லை. பின்னணியில் புல்வெளியும் ஒற்றை மரமும். 2 கோடி அளவில் மக்கள் வாழும் நகரத்தில், 11.8 கிலோமீட்டர் நீளமுள்ள மூன்றாம் பெருநிலப் பாலத்தின் (தேர்ட் மெயின்லேண்ட் பிரிட்ஜ்) மேல் நடக்கும் கதைக்கு அந்தப் படம்! அன்று என் மகளிடம் கூட அதைக் காட்ட எனக்கு மனம் வரவில்லை. தம்மைப் போன்ற ஒருத்தி அட்டையில் இருப்பாள் என்று எதிர்வீட்டு இரட்டையர் காத்திருந்தார்கள். கரிய நிறமும், உச்சியில் கூட்டிக் கட்டும் ஷுக்கு பின்னலும் அவர்களுக்கு வெறும் அலங்கார விவரங்கள் அல்ல. திருத்தம் கேட்டேன், இன்னும் 350 டாலர் கேட்டார்கள். கொடுத்தோம். நிறத்தைக் கொஞ்சம் அடர்த்தியாக்கி அதே படத்தைத் திருப்பி அனுப்பினார்கள்.

இந்த இடத்தில் நிறுத்தி ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். அட்டைப்படத்துக்கென்று ஒரு விவரக் குறிப்பை எழுதி, அதை ஒப்பந்தத்தின் பகுதியாகவே சேர்க்கச் சொல்லுங்கள். நிறம், தலைமுடி, உடை, கருவி, இடம் ஆகிய ஒவ்வொன்றுக்கும் நீங்களே எடுத்த ஒளிப்படத்தை இணையுங்கள். ஆசிரியர் ஒப்புதல் இல்லாமல் அட்டையைப் பயன்படுத்தக் கூடாது என்றும், குறிப்புக்கு மாறான படத்தைத் திருத்துவதற்குக் கட்டணம் இல்லை என்றும் ஒரு வரி இருக்க வேண்டும். அந்த ஒரு வரி இருந்திருந்தால் எங்களுக்கு 350 டாலர் மிஞ்சியிருக்கும். ஓவியர் எந்தப் பண்பாட்டை வரைகிறாரோ அதை நேரில் அறிந்தவராக இருப்பது எல்லாவற்றையும்விட மேல்.

அட்டையைவிடப் பெரிய அடி ஒப்பந்தத்தின் பின்னிணைப்பில் இருந்தது. முன்பணம் கட்டிய பிறகு "நிறுவனத்தின் பொது விதிகள்" என்று தனியாக வந்த அந்தத் தாள்கள், முதல் ஒப்பந்தத்தோடு பிணைக்கப்பட்டவை. கதாபாத்திரம், அவளுடைய உடை, சின்னம், அவற்றைக் கொண்டு உருவாகும் சித்திரக்கதை, அசைவூட்டப் படம், விளையாட்டு, பொம்மை எல்லாவற்றுக்கும் முழு உரிமை பதிப்புரிமைக் காலம் முடியும்வரை நிறுவனத்துக்கே என்று அதில் இருந்தது. நைஜீரியச் சட்டப்படி பதிப்புரிமை ஆசிரியர் வாழ்நாளும் அதற்குப் பின் 70 ஆண்டுகளும் நீடிக்கும். அதாவது என் பேரப்பிள்ளைகள் காலத்திலும் அவள் எங்களுக்குச் சொந்தமில்லை. சாதாரணச் சிறார் நாவலில் பாத்திர உரிமையைப் பற்றி யாரும் பெரிதாக எண்ணுவதில்லை. அபூர்வ ஆற்றல் கொண்ட நாயகர் கதையில் சொத்தே பாத்திரம்தான். அடுத்தடுத்த பாகங்கள், சித்திரக்கதை, திரை எல்லாம் அவளிடமிருந்துதான் வர வேண்டும். லாகோஸில் சித்திரக்கதை நிறுவனங்கள் சொந்த ஆப்பிரிக்க நாயகர்களை உருவாக்கி வளர்ந்துவரும் காலம் இது. இங்கே எழுதப்படும் இத்தகைய நாவலை அனுபவசாலிகள் அந்தக் கண்ணோடுதான் பார்க்கிறார்கள்.

2023 ஜூனில் நைரா மதிப்பைச் சந்தையின் போக்குக்கு விட்டார்கள். மே மாத இறுதியில் எரிபொருள் மானியமும் நின்றிருந்தது. வீட்டுச் செலவு கண்முன்னே ஏறியது. டாலரில் கட்ட வேண்டிய மீதித் தொகை மாதந்தோறும் நைராவில் பெருத்துக்கொண்டே போனது. அந்த நாள்களில் இரவில் எழுந்து ஒப்பந்தத்தை மீண்டும் மீண்டும் படிப்பேன். படித்து ஆவது ஒன்றுமில்லை என்று தெரிந்தும் படிப்பேன். எழுதுவதையே விட்டுவிடலாம் என்று தோன்றியது. ஒருநாள் பாபாவிடம் மட்டும் விவரம் சொன்னேன். அவருடைய உறவினர் மூலமாகத்தான் பதிப்புரிமை அறிந்த வழக்கறிஞர் ஒருவர் கிடைத்தார். அவர் பெற்ற கட்டணம் 1,50,000 நைரா. மொத்தச் செலவில் வீணாகாத தொகை அது.

வழக்கறிஞர் இரண்டு பிடிகளைக் கண்டுபிடித்தார். உரிமையை மாற்றித் தருவதற்கு எழுத்து வடிவில் என் ஒப்புதல் வேண்டும். பின்னிணைப்பிலோ என் கையெழுத்து இல்லை. அத்துடன், ஒப்புக்கொண்ட காலத்துக்குள் நூலை வெளியிடவும் இல்லை. இரண்டையும் சுட்டி அவர் எழுதிய கடிதத்துக்குப் பிறகு நீண்ட பேச்சு நடந்து, மீதித் தொகையில் பாதியான 600 டாலரைக் கட்டினால் எல்லா உரிமைகளையும் திருப்பித் தருவதாக இறங்கிவந்தார்கள். வழக்காடினால் இன்னும் செலவாகும் என்பதால் ஒத்துக்கொண்டோம். அது 2024 பிப்ரவரி. ஒரு டாலர் 1,500 நைராவைத் தொட்டிருந்தது. ஓராண்டுக்கு முன் 1,200 டாலருக்குக் கொடுத்த அதே 9 லட்சம் நைராவை இப்போது 600 டாலருக்குக் கொடுத்தோம். மொத்தம் 2,150 டாலர் போய், கையில் மிஞ்சியது ஓர் உரிமை விடுவிப்புக் கடிதம்.

ஆகவே கையெழுத்திடும் முன் எல்லாத் தாள்களும், பின்னிணைப்பு உட்பட, ஒரே கோப்பாக வர வேண்டும் என்று கேளுங்கள்; பிறகு அனுப்புகிறோம் என்றால் பணத்தையும் பிறகே அனுப்புங்கள். எந்த மொழிக்கு, எந்த நாட்டுக்கு, எத்தனை ஆண்டுக்கு, அச்சுக்கா மின்னூலுக்கா என்று உரிமை ஒவ்வொன்றையும் தனித்தனியே எழுதச் சொல்லுங்கள். குறிப்பிடாத உரிமைகள் யாவும் ஆசிரியருக்கே என்ற வரி கட்டாயம் வேண்டும். குறித்த நாளுக்குள் நூல் வெளிவராவிட்டால் உரிமை கட்டணமின்றித் திரும்ப வேண்டும். டாலரில் ஒப்பந்தம் செய்தால், ஒப்பந்த நாளின் மாற்று விலையில் தொகையை உள்நாட்டு நாணயத்திலும் நிலைநிறுத்தக் கேட்டுப் பாருங்கள். மறுத்தால் மாற்று விலை ஏறுவதற்கும் சேர்த்துப் பணத்தை ஒதுக்கிவிட்டுத்தான் இறங்க வேண்டும். நைஜீரியப் பதிப்புரிமை ஆணையத்தில் படைப்பைத் தானாக முன்வந்து பதிந்துவைக்கவும் வழியுண்டு. பதியாவிட்டாலும் பதிப்புரிமை உண்டுதான். ஆனால் தகராறு வரும்போது கையில் ஒரு சான்று இருப்பது தனித் தெம்பு.

பிறகு நானே வெளியிடுவது என்று முடிவு செய்தேன். லாகோஸின் யாபா பகுதியில் வசிக்கும் இளம் ஓவியர் ஒருவர் அட்டையும் அத்தியாயப் படங்களும் 3,50,000 நைராவுக்கு வரைந்தார். பணம் கொடுத்து வரையச் சொன்னாலும், எழுத்து மூலம் வேறுவிதமாக ஒப்புக்கொள்ளாதவரை படத்தின் உரிமை ஓவியரிடமே இருக்கும் என்று வழக்கறிஞர் எச்சரித்திருந்தார். எனவே படங்களை நூலிலும் விளம்பரத்திலும் பயன்படுத்தும் உரிமை எனக்கு, மூலப் படங்கள் அவருக்கு, சித்திரக்கதையாக வந்தால் முதலில் அவரையே அழைப்பது என்று எழுதிக்கொண்டோம். அவர் வரைந்த முதல் கோட்டுப்படத்திலேயே என் நாயகி கெஹின்டேயின் கை மேளத்தின் வார்களை அழுத்தும் விதம் சரியாக இருந்தது.

சர்வதேச நூல் எண்ணை (ISBN) நைஜீரியத் தேசிய நூலகமே வழங்குகிறது. அதை உங்கள் பெயரிலேயே வாங்குங்கள். இடைநிலை நிறுவனத்தின் எண்ணை வாங்கினால் பதிவேட்டில் பதிப்பாளராக அவர்கள் பெயர்தான் நிற்கும். அச்சுக்கு ஷொமோலு சென்றேன். லாகோஸின் அச்சுத் தொழில் அங்கேதான் குவிந்திருக்கிறது; தெருவுக்குத் தெரு அச்சகம், அச்சுத் தட்டு செய்பவர், தாள் வெட்டுபவர், மடிப்பவர் என்று ஒரே வேலையைப் பல கைகள் பகிர்ந்துகொள்கின்றன. 208 பக்கம், அதாவது 13 ஃபாரம் (ஒரு ஃபாரம் என்பது 16 பக்கங்கள் சேர்ந்த அச்சுத்தாள்) உள்ள நூலுக்கு 1,000 படி அச்சிட 2023 தொடக்கத்தில் 16 லட்சம் நைரா சொன்ன இடத்தில், 2024இல் 31 லட்சம் என்றார்கள். அரசு தொடங்கிய காகித ஆலைகள் முடங்கிப்போனதால் காகிதம் இறக்குமதியாகிறது. இயந்திரம் டீசல் மின்னாக்கியில் ஓடுகிறது. இரண்டும் டாலரோடு ஏறும். சொன்ன விலை சில நாள்களுக்கே செல்லும் என்பதால், விலை பேசியவுடன் காகிதத்துக்கு மட்டும் முன்பணம் கொடுத்து வாங்கி வைத்துக்கொள்ள வேண்டும். நான் 300 படிகளோடு நிறுத்திக்கொண்டேன்.

மெய்ப்பை, அதாவது அச்சிடும் முன் பிழை பார்க்கும் படியை, அச்சகத் திரையில் பார்த்து ஒப்புக்கொள்ளாதீர்கள்; ஒரு ஃபாரத்தைத் தாளில் அடித்துப் பாருங்கள். யோருபாவில் கீழே புள்ளியிட்ட எழுத்துகளும் மேலே ஒலிக்குறிகளும் உண்டு. அச்சகத்தின் எழுத்துரு அவற்றை வெற்றுக் கட்டங்களாக மாற்றியிருந்தது. முழு எழுத்துத் தொகுதியும் உள்ள எழுத்துருவை நாமே கொண்டுசென்று, கோப்பிலேயே பதித்துத் தந்த பிறகுதான் சரியாயிற்று. வெறும் பசை வைத்து ஒட்டினால் லாகோஸ் வெயிலில், பிள்ளைகள் கையில், பக்கம் பக்கமாகக் கழன்றுவிடும். தையல் போட்டு ஒட்டச் சொல்லுங்கள். சிறிது கூடுதல் செலவானாலும் பள்ளி நூலகங்கள் அதைப் பார்த்துத்தான் வாங்குகின்றன.

அப்போது படி ஒன்றை 6,500 நைராவுக்கு விற்றேன். கடைகளில் வைத்து விற்றதைவிடப் பள்ளிகளில் நேரில் சென்று வாசித்து விற்றதே அதிகம். செப்டம்பரில் தொடங்கும் கல்வியாண்டுக்கான பட்டியலைப் பள்ளிகள் நீண்ட விடுமுறைக்கு முன்பே முடித்துவிடுவதால், மே மாதத்திலேயே தலைமையாசிரியரைப் பார்த்துவிட வேண்டும். கிறித்தவ, இஸ்லாமியப் பெற்றோர் சிலர், மேளம், முகமூடி என்றவுடன் மாந்திரீகக் கதையோ என்று தயங்குகிறார்கள். அந்தத் தயக்கத்தை அலட்சியம் செய்யக் கூடாது. மேளக்காரர் மரபைப் பற்றிய நான்கு பக்க விளக்கத்தை நூலின் பின்னால் சேர்த்ததும், ஒரு பள்ளிக்குப் பாபாவையே அழைத்துச் சென்றதும் நல்ல பலன் தந்தன. அன்று பிள்ளைகள் ஒவ்வொருவராக வந்து தங்கள் பெயரை வாசிக்கச் சொல்லிக் கேட்டார்கள்; விற்பனையை நான் மறந்தேபோனேன்.

இன்னும் ஒரு வேலை பாக்கியிருக்கிறது. பழைய நிறுவனம் முன்விற்பனைக்காக இணையக் கடைகளில் ஏற்றிய அந்தப் பழைய அட்டை, உரிமை திரும்பிய பிறகும் சில இடங்களில் தென்படுகிறது. நிறுவனத்துக்கு எழுதிக் காத்திருப்பதைவிட, விடுவிப்புக் கடிதத்தையும் புதிய நூல் எண்ணையும் இணைத்து அந்தந்தக் கடைக்கே நேரடியாக எழுதுவது விரைவில் பலிக்கிறது. ஆகவே விடுவிப்புக் கடிதம் வாங்கும்போது, பழைய பதிப்பு எந்தெந்தத் தளங்களில் ஏற்றப்பட்டது என்ற முழுப் பட்டியலையும், இத்தனை நாளுக்குள் அவற்றை நீக்குகிறோம் என்ற உறுதியையும் அதே கடிதத்தில் எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.